நாய் இன்னும் மேலே வரவில்லை

"எழும்பு பிள்ளை. முகத்தைக் கழுவிப்போட்டு அந்தப் பச்சைச் சீலையை எடுத்துக் கட்டு."

கத்தரீனா பாயில் இருந்தபடியே மாமியாரை நிமிர்ந்து பார்த்தாள். "பச்சையோ, மாமி?"

"ஓம், பச்சைதான். அதுக்கு என்ன குறை? என்ரை மோன் வாங்கித் தந்த சீலைதானே. பெட்டிக்குள்ளை வைச்சுப் பூச்சி தின்னவோ?"

"எனக்குத் தலை இடிக்குது. நீங்கள் போயிட்டு வாங்கோ."

"நான் தனியப் போனால் மருமோள் எங்கை எண்டு சனம் கேக்கும். வீட்டிலை எண்டு சொன்னால், ஏன் வீட்டிலை எண்டு கேக்கும். பிறகு நான் என்னத்தைச் சொல்ல? எழும்பு."

கத்தரீனா எழும்பினாள். லூர்த்தம்மாவோடு வாய் கொடுத்து வென்றவர் குருநகரில் யாரும் இல்லை.

அன்று ஞாயிற்றுக்கிழமை. பின்னேரம் மூன்று மணிக்குக் கோயில் மண்டபத்தில் படம் காட்டுவதாகக் காலைப் பூசை முடிவில் சுவாமியார் அறிவித்திருந்தார். முதலில் சிரிக்க வைக்கிற ஒரு பகிடிப் படம், கையால் வரைந்து கீறின படம், நாயும் குருவியும் வருமாம். அதற்குப் பிறகு ஒரு புனிதரின் சரித்திரம். ஞாயிறு கடலுக்குப் போகாத நாள். ஆகையால் ஊர் முழுக்க அங்கேதான் நிற்கும். வராமல் இருக்கக்கூடியவர்கள் செத்த வீட்டுக்காரர் மட்டும்தான். சாவு விழுந்த வீட்டில் ஒரு வருசத்துக்குக் கறுப்புக் கட்டுவார்கள். கூத்துப் பார்க்க மாட்டார்கள். றேடியோ இருந்தால் அதையும் துணி போட்டு மூடிவிடுவார்கள்.

அதனால்தான் லூர்த்தம்மாவுக்கு இந்தப் படம் இவ்வளவு பெரிய காரியமாகிவிட்டது. நாயையும் குருவியையும் பார்க்கிற ஆசை அவளுக்கு இல்லை. மருமகளுக்குப் பச்சைச் சீலை கட்டி, முன்னுக்குப் பாய் விரித்து இருந்துவிட்டால், எங்கள் வீட்டில் ஒருவரும் சாகவில்லை என்று ஊருக்கே ஒரு தரத்தில் சொன்னதாகிவிடும்.

பிலிப்பு கடலுக்குப் போய் அன்றைக்கு நாற்பத்தேழு நாள்.

பிலிப்பு லூர்த்தம்மாவின் இளைய மகன், கத்தரீனாவின் புருசன். கலியாணம் முடித்து இரண்டு வருசம்கூட ஆகவில்லை. அவனும் தொழில் கூட்டாளி இன்னாசித்தம்பியும் ஒரே வள்ளத்தில் போனார்கள். அன்றிரவு காற்று மாறி அடித்தது. மூன்றாம் நாள் இன்னாசித்தம்பி மட்டும் மண்டைதீவுக் கரையில் ஒதுங்கினான், பிணமாக. அவனுடைய இடுப்பில் ஒரு கயிறு கட்டியிருந்தது. கயிற்றின் மறு தலைப்பில் முடிச்சு இருந்த மடிப்பு அப்படியே இருந்தது. முடிச்சு இல்லை. ஆளும் இல்லை. வள்ளம் கவிழ்ந்த பிறகு, பிரிந்து போகாமல் இருக்க இருவரும் ஒரே கயிற்றில் பிணைத்துக்கொண்டு மிதந்திருக்கிறார்கள் என்பது பார்த்த எல்லாருக்கும் விளங்கியது.

பிலிப்பின் தமையன் பேதுரு அடுத்த கிழமையே தாயிடம் வந்து பக்குவமாகக் கதை எடுத்தான்.

"அம்மா, தம்பிக்கு ஒரு பூசை ஒப்புக்குடுப்பம். வெறும் பெட்டி வைச்செண்டாலும்."

"எந்தத் தம்பிக்கு?"

"எனக்கு எத்தினை தம்பி, அம்மா?"

"உயிரோடை இருக்கிறவனுக்குச் செத்த பூசையோ? அறுந்த கயிறெண்டால் நானும் நம்பியிருப்பன். உது அவிழ்த்த கயிறு. முடிச்சு அவிழ்க்கச் செத்தவனாலை ஏலுமோ, சொல்லு பாப்பம். உன்ரை கொப்பரும் இப்பிடித்தான் காத்திலை இழுபட்டு இராமேசுவரத்திலை போய் ஒதுங்கினவர். மூண்டு மாதம் கழிச்சு, தாடியோடை, அந்தப் படலையைத் திறந்துகொண்டு வந்து 'என்ன கறி?' எண்டு கேட்டவர். அண்டைக்கு நான் வெறும் பெட்டி வைச்சிருந்தால் அந்தாள் ஆரின்ரை வீட்டுக்கு வந்திருக்கும்?"

பேதுரு திரும்பி அந்தப் படலையைப் பார்த்தான். அந்தக் கதை பொய் இல்லை. அவனும் அப்போது ஆறு வயதில் படலையடியில் நின்றவன்தான்.

அன்றே லூர்த்தம்மா தலையணையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு கத்தரீனாவின் சீதன வீட்டுக்கு வந்துவிட்டாள். வந்த கையோடு சட்டம் போட்டாள்: "இந்த வீட்டிலை ஒருத்தரும் அழக்கூடாது. அழுதால் அவனைப் போகச்சொல்லி நாங்களே சொல்லி அனுப்பினது மாதிரி."

கத்தரீனாவுக்கு அந்தக் கயிறு வேறு கதை சொன்னது. இன்னாசித்தம்பிக்கு நீச்சல் அவ்வளவு போதாது. ஒரு மிதப்புக்கட்டை இரண்டு பேரைத் தாங்காது என்று கண்டால் பிலிப்பு என்ன செய்வான் என்பது அவளுக்குத் தெரியும். சாப்பாட்டில் ஒரு துண்டு மீன் மிஞ்சினால், "எனக்கு வயிறு முட்டிப் போச்சு" என்று கோப்பையை அவள் பக்கம் தள்ளுகிறவன். அவன் அவிழ்த்தது தான் பிழைக்க அல்ல.

அதை அவள் ஒருவரிடமும் சொல்லவில்லை. அவளுக்கு வேண்டியிருந்தது ஒன்றே ஒன்றுதான். வாய்விட்டு அழவேண்டும். கிணற்றடியில் வாளிச் சத்தத்துக்குள் ஒளித்து அழுது பார்த்தாள். "என்ன பிள்ளை, தண்ணி அள்ள இவ்வளவு நேரமோ?" என்று மாமியார் வந்து நின்றாள். கோயிலில் முகத்தை முக்காட்டுக்குள் விட்டாள். "தலையை நிமித்து, சனம் பாக்குது" என்று முழங்கையால் ஓர் இடி. நாற்பத்தேழு நாளும் அது நெஞ்சுக்குள் விழுங்கின முள்ளாய்க் குத்திக்கொண்டு நின்றது.

மண்டபத்து யன்னல்களுக்கெல்லாம் வெளிச்சம் வராமல் பழைய வள்ளப் பாய்களைத் தொங்கவிட்டிருந்தார்கள். உள்ளே உப்பு மணமும் வேர்வை மணமுமாக மூச்சு முட்டியது. நடுவில் ஒரு மேசையில் படம் காட்டும் இயந்திரம். அதைக் கொண்டு வந்தவர் சண்டிலிப்பாய் தம்பிராசா, யாழ்ப்பாணம் முழுக்கப் பள்ளிக்கூடங்களிலும் கோயில்களிலும் படம் காட்டித் திரிகிற மனுசன். இந்த ஊருக்குப் புதியவர்.

லூர்த்தம்மா பின்னுக்கு இருக்கவில்லை. "கொஞ்சம் விலத்துங்கோ, கொஞ்சம் விலத்துங்கோ" என்று சனத்தைப் பிரித்துக்கொண்டு போய்த் திரைக்கு முன்னால் பாயை விரித்தாள்.

பக்கத்தில் இருந்த செபநாயகத்தின் பெண்சாதி திடுக்கிட்டுப் பார்த்தாள். "லூர்த்தக்கா, நீங்களும் வந்தனீங்களே?"

"ஏன், வரக்கூடாதோ?"

"இல்லை, சும்மா கேட்டனான்."

"பிலிப்புக்குப் படமெண்டால் உயிர். வந்த உடனை 'என்ன படம் காட்டினவை' எண்டுதான் கேப்பான். பாத்து வைச்சால்தானே சொல்லலாம்."

அந்தப் பெண் பச்சைச் சீலையை ஒருதரம் பார்த்தாள், கத்தரீனாவின் முகத்தை ஒருதரம் பார்த்தாள், பிறகு தன் கையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பின்னால் ஒரு கிசுகிசுப்பு ஓடிப்போய் அடங்கியது.

விளக்கை அணைத்தார்கள். இயந்திரம் கடகடவென்று ஓடத் தொடங்கியது.

திரையில் ஒரு துறைமுகம். கப்பல் கட்டுகிற பாலத்து ஓரத்தில் தடித்த நாயொன்று கோப்பையில் மீனை வைத்துக்கொண்டு படுத்திருந்தது. தலையில் ஒரு மாலுமித் தொப்பி. வானத்திலிருந்து கொண்டை வைத்த குருவி ஒன்று வந்து, மீனைத் தூக்கிக்கொண்டு, நாயின் மூக்கில் ஒரு கொத்தும் கொத்திவிட்டுப் போனது. நாய் துரத்தியது. பாரவண்டி ஏறி நாய் அப்பம் மாதிரித் தட்டையாகப் போனது. எழும்பி உடம்பை உதறிக்கொண்டு மறுபடி ஓடியது. குருவி ஒரு வெடியைக் கொளுத்தி மீனின் வாய்க்குள் வைத்துக் கொடுத்தது. நாய் அதையும் விழுங்கி, கரிச்சட்டியாகி, புகையை விட்டுக்கொண்டு திரும்ப ஓடியது.

மண்டபம் விழுந்து விழுந்து சிரித்தது.

"பேதுரு, உன்ரை கள்ளத் தீனிப் பூனையும் உப்பிடித்தான்!" என்று பின்னால் ஒருவன் கத்தினான்.

"டேய், அந்த வெடியை எங்கை வாங்கினதெண்டு குருவியிட்டைக் கேள்," என்றான் இன்னொருவன்.

லூர்த்தம்மாவும் சிரித்தாள். ஹா, ஹா என்று, பாடம் ஒப்புவிக்கிற மாதிரி, ஒவ்வோர் அடிக்கும் ஒரு சிரிப்பு. சிரித்துக்கொண்டே கத்தரீனாவின் தொடையில் கிள்ளினாள்.

"சிரி, பிள்ளை."

"வரேல்லை, மாமி."

"வராட்டில் பல்லையாவது காட்டு."

"இருட்டிலை ஆருக்குத் தெரியப்போகுது?"

"தெரியும். சிரிக்காதவளை இருட்டிலையும் தெரியும்."

கத்தரீனா பல்லைக் காட்டினாள். கன்னம் நொந்தது. திரையில் நாய் ஆயிரம் தரம் செத்து, ஆயிரம் தரமும் எழும்பிக்கொண்டிருந்தது. எத்தனை சுகமான உலகம் என்று அவளுக்கு வயிறு எரிந்தது.

அப்போது குருவி ஒரு நங்கூரக் கயிற்றை எடுத்தது. தூங்கி விழுந்த நாயின் இடுப்பில் சுற்றி, முடிச்சுப் போட்டு, அந்த முடிச்சைத் தன் அலகால் ஒருதரம் இறுக்கிப் பார்த்தது. பிறகு நங்கூரத்தைப் பாலத்திலிருந்து மெல்லத் தள்ளிவிட்டது.

பின்னால் இருந்த ஆம்பிளைகளின் சிரிப்பு பாதியில் நின்றது. சின்னப் பிள்ளைகள் மட்டும் சிரித்தார்கள்.

நாய் தண்ணீருக்குள் போனது. தொப்பி மட்டும் மேலே மிதந்தது. குமிழி ஒன்று. இன்னொன்று. மூன்றாவது சின்னதாக.

திரை வெள்ளையாகிப் போனது.

படச் சுருளின் அறுந்த நுனி பட் பட் என்று சுற்றி அடித்துக்கொண்டது. தம்பிராசா இயந்திரத்தை நிறுத்தினார். யாரோ விளக்கைப் போட்டார்கள். அந்த வெளிச்சத்தில் ஊரே லூர்த்தம்மாவின் முதுகைப் பார்க்கப் பயந்து வேறு எங்கோ பார்த்துக்கொண்டிருந்தது.

லூர்த்தம்மா திரும்பினாள். "ஏன் நிப்பாட்டினனீர், தம்பி?"

"முடிஞ்சுதம்மா. இனிப் பெரிய படம்."

"எப்பிடி முடியும்? நாய் இன்னும் மேலை வரேல்லையே."

சில பிள்ளைகள் சிரித்தார்கள். தம்பிராசாவும் சிரித்துவிட்டார். கிழவிக்குப் படம் பிடித்துப்போய்விட்டது என்று நினைத்தார் பாவம். "அது வருமம்மா. வந்து, வாயிலை அந்தக் குருவியின்ரை இறகு ஒண்டை வைச்சுக்கொண்டு நிக்கும். நான் முந்திப் பாத்தனான்."

"பாத்தனீரோ?"

"ஓம், கனதரம்."

"அப்ப எங்களுக்கும் காட்டும்."

"அந்தத் துண்டு இப்ப இல்லையம்மா. சூட்டிலை எரிஞ்சு போச்சு. வெட்டி எறிஞ்சாச்சு."

"அதெப்பிடி, வாற துண்டை மட்டும் எறிவியள்? போற துண்டை வைச்சிருக்கிறியள், வாற துண்டை எறிஞ்சு போட்டியள்?" அவள் எழுந்து நின்றுவிட்டாள். "போடும், தம்பி. தேடிப் பாத்துப் போடும். நாய் இன்னும் வரேல்லை."

"அம்மா," என்று பின்னாலிருந்து பேதுரு கூப்பிட்டான். "இருங்கோவன், அம்மா."

"நீ பொத்து வாயை. நான் அந்தத் தம்பியோடை கதைக்கிறன்."

கத்தரீனா அவளுடைய சீலைத் தலைப்பைப் பிடித்து இழுத்தாள். லூர்த்தம்மா அதைத் தட்டிவிட்டாள். செபநாயகத்தின் பெண்சாதி தம்பிராசாவிடம் எழும்பிப் போய்க் காதில் ஏதோ சொல்லப் பார்த்தாள். அதற்குள் அவருக்கு ஒரு யோசனை வந்துவிட்டது.

"சரியம்மா, கத்தாதேங்கோ. நாய் மேலை வரவேணும், அவ்வளவுதானே? இப்ப வரும் பாருங்கோ. பள்ளிக்கூடப் பிள்ளையளுக்குக் காட்டுறனான், நல்ல விளையாட்டு."

படச் சுருளை மறுபடி கோத்து, ஒரு விசையைத் தட்டினார். விளக்கு அணைந்தது. படம் பின்பக்கமாக ஓடத் தொடங்கியது.

வானத்திலிருந்து குமிழிகள் வந்து கடலுக்குள் இறங்கின. சின்னது முதல், பெரியது பிறகு. தண்ணீர் பிளந்தது. நாய் கால் முன்னுக்கும் தலை பின்னுக்குமாக வெளியே பறந்து வந்து பாலத்தில் ஏறியது. தொப்பியும் கூடவே போய்த் தலையில் குந்தியது. நங்கூரம் மேலேறியது. குருவி அலகால் முடிச்சைத் தளர்த்தி, அவிழ்த்து, கயிற்றைச் சுருட்டி எடுத்து வைத்தது.

பிள்ளைகள் கூக்குரல் போட்டார்கள். பெரியவர்கள் சிலரும் தங்களை மறந்து சிரித்தார்கள். நாய் பின்பக்கமாக ஓடியது. கரி வெள்ளையானது. வாயிலிருந்து வெடி வெளியே வந்தது. வாயிலிருந்து வெடி வெளியே வந்தது. குருவி கொண்டுபோன மீனைக் கொண்டுவந்து கோப்பையில் வைத்துவிட்டு, நாய்க்கு முதுகு காட்டாமலே வானத்துக்குப் பறந்து போனது. நாய் கோப்பைக்குப் பக்கத்தில் படுத்து நித்திரை கொண்டது.

விளக்கு வந்தது.

"சரியே, அம்மா? வந்திட்டுதே?" என்றார் தம்பிராசா.

லூர்த்தம்மா வெறுந்திரையைக் கையால் காட்டினாள்.

"நனையேல்லை," என்றாள்.

"என்னம்மா?"

"நாய் நனையேல்லை, தம்பி. கடலுக்குள்ளாலை வாறது நனைஞ்சு வரும். சொட்டச் சொட்ட வரும். நான் நாப்பது வருசமாக் கரையிலை நிண்டு பாக்கிறவள். உப்பிடிக் காய்ஞ்ச மேலோடை ஒருத்தரும் வந்ததில்லை." அவளுடைய குரல் இறங்கியிருந்தது. "உது வரேல்லை. போறதுக்கு முந்தின நேரத்துக்குக் கொண்டுபோய்ப் படுக்க விட்டிருக்கிறீர். அவ்வளவுதான்."

தம்பிராசாவுக்கு இப்போது ஏதோ பிழையென்று உறைத்தது. வேர்வையைத் துடைத்தார். "வேறை நான் என்னம்மா செய்ய? வந்த துண்டு என்னட்டை இல்லையே."

"இல்லையெண்டு முதலே சொல்லியிருக்கலாமே."

"சொன்னனான், அம்மா. நீங்கள்தான் கேக்கேல்லை."

கைக்குழந்தை ஒன்று எங்கோ சிணுங்கியது.

"ஓம்," என்றாள் லூர்த்தம்மா. "சொன்னனீர். எல்லாரும் சொன்னவை. நான்தான் கேக்கேல்லை."

அவள் குனிந்து பாயைச் சுருட்டத் தொடங்கினாள். பாய் நேராகச் சுருளவில்லை. மூன்றாம் தரமும் கோணிப்போக, அதை அப்படியே விட்டுவிட்டுக் கத்தரீனாவின் கையைப் பிடித்தாள். சனம் விலத்தி வழிவிட்டது. வரும்போது கேட்டு வாங்கின வழி இப்போது கேளாமலே கிடைத்தது.

வாசலில் காற்றுக்கு நின்ற ஒரு மனுசிக்கு உள்ளே நடந்தது தெரியாது. "என்ன லூர்த்தக்கா, பெரிய படம் இனித்தானே தொடங்கப் போகுது. அதுக்குள்ளை போறியள்?"

"செத்த வீட்டுக்காரர் படம் பாக்கிறதில்லை, பிள்ளை."

அந்த மனுசி நெஞ்சில் சிலுவை போட்டுக்கொண்டாள்.

வெளியே வெயில் கண்ணைக் குத்தியது. கத்தரீனாவுக்குக் காதில் விழுந்த வார்த்தை உள்ளே இறங்கவில்லை. மாமியார் சொன்னாளா, தான் நினைத்துக்கொண்டாளா என்று மயங்கினாள். பேதுரு பின்னால் ஓடி வந்தான். சேட்டுப் பொத்தான் திறந்திருந்தது.

"அம்மா! எங்கை போறியள், இந்த வெயிலுக்குள்ளை?"

"பேதுரு, சுவாமியாரிட்டைப் போ."

"போய்?"

"மணி அடிக்கச் சொல்லு. உன்ரை தம்பிக்கு."

இத்தனை நாளும் பேதுரு கேட்க நினைத்தது இதைத்தான். இப்போது அவனால் ஓர் அடி எடுத்து வைக்க முடியவில்லை.

"நாளைக்குச் சொல்லுவமே, அம்மா. ஆறுதலா யோசிச்சு..."

"போடா!" என்றாள். "எனக்கு நாளைக்கு வேறை புத்தி வந்திடும். அதுக்கு முந்திப் போ."

அவன் போனான். இரண்டு பெண்களும் கோயில் மதிலோடு மணலில் நின்றார்கள். மதிலடியில் சாண் அகலத்துக்குத்தான் நிழல் இருந்தது. லூர்த்தம்மா அதில் மெல்ல இருந்தாள். கத்தரீனாவையும் இழுத்து இருத்தினாள்.

"அழன், பிள்ளை," என்றாள்.

கத்தரீனா வாயைத் திறந்தாள். காற்று வந்தது, குரல் வரவில்லை. "மாமி," என்றாள், "எனக்கு எப்பிடித் தொடங்கிறதெண்டு தெரியேல்லை."

"எனக்கு மட்டும் தெரியுமோ?"

"நான் பல தரம் வேணுமெண்டு நிண்டனான். இப்ப வருகுதில்லை."

"நான்தான் அடைச்சு வைச்சனான். வரும், இரு." லூர்த்தம்மா மருமகளின் தொடையைத் தடவிக்கொண்டே இருந்தாள். கிள்ளின இடத்தைத்தான் தடவுகிறாள் என்று கத்தரீனாவுக்குத் தெரிந்தது. "அவன் நீந்தக் கூடியவன், பிள்ளை. எவ்வளவு நேரமெண்டாலும் நீந்துவான். அதுதான் எனக்கு... எவ்வளவு நேரம் நீந்தினானோ எண்டுதான்..."

மேலே மணி ஒருதரம் அடித்தது. சாவு மணி அப்படித்தான், ஒன்று அடித்து, இனி அடிக்காதோ என்று நினைக்கிற அளவுக்கு விட்டு, மற்றதை அடிக்கும். இரண்டாவது அடிக்கும்போது கத்தரீனாவின் வயிற்றிலிருந்து ஏதோ கிளம்பியது. தன் குரல் என்று அவளுக்கே அடையாளம் தெரியாத ஒரு சத்தம். அதற்குப் பயந்துபோய்ப் பழக்கத்தில் கையால் வாயைப் பொத்தினாள்.

லூர்த்தம்மா அந்தக் கையைப் பிடித்து விலக்கினாள்.

"சத்தமா, பிள்ளை," என்றாள். "சத்தமா அழு."